காம்ப்புக்குப் போன அக்கா

போன மாதம் ஹொல்ஸ்டெப்ரோவில் நடந்த நம்முடைய விளையாட்டு விழாவுக்கு வந்திருந்தவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். வராதவர்களும் வாசிக்கலாம். ஆனால் என் வயதுக்காரர்கள், அதாவது கதிரையில் இருந்து எழும்பும்போது முழங்காலில் கையை ஊன்றுகிறவர்கள், கட்டாயம் வாசிக்க வேண்டும். அன்றைக்கு அதிகம் சிரித்தது நீங்கள்தான்.

மேடையில் ஒரு முதியவருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். டென்மார்க்கில் எங்கள் பெண் பிள்ளைகளை விளையாட்டுக்குக் கொண்டுவந்த முன்னோடி அவர்தான் என்று ஒரு தம்பி வாழ்த்துமடல் வாசித்தார். முன்னோடியாம். அந்த மனிதரை ஓல்போர்க்கில் வளர்ந்த நாங்கள் டெலிபோன் மாமா என்றுதான் சொல்லுவோம். அவர் ஒலிவாங்கியைப் பிடித்து, நாற்பது வருசமாகச் சொல்லிவருகிற அதே பகிடியைச் சொன்னார். ஒரு வீட்டுக்கு ஃபோன் எடுத்தாராம். ஒரு சின்னப் பெட்டை எடுத்து, அக்கா காம்ப்புக்குப் போட்டா என்றதாம். டெனிஷ் மொழியில் காம்ப் என்றால் மட்ச் என்பது தெரியாமல் தான் வெருண்டுபோய் ஊரையே கலக்கிவிட்டாராம். மண்டபம் சிரித்தது. முன்வரிசையில் ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

அந்தச் சின்னப் பெட்டை நான்தான். மூன்றாவது வரிசையில், மடியில் ரோல்ஸ் வைத்த தட்டோடு இருந்தேன். எல்லோரும் கைதட்ட நானும் தட்டினேன். அதுதான் எனக்கு இன்னும் ஆறாமல் இருக்கிறது.

நீங்கள் கேட்டது பகிடியின் முன்பாதி. பின்பாதியைச் சொல்கிறேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி. எனக்குப் பத்து வயது. அப்பா எழுபதுகளிலேயே கப்பலில் வந்து ஓல்போர்க்கில் இறங்கியவர். துறைமுகப் பக்கம் ஒரு களஞ்சியத்தில் பெட்டி அடுக்கும் வேலை. எண்பத்து மூன்றில் ஊர் எரிந்த பிறகு அம்மாவையும் அக்காவையும் என்னையும் கூப்பிட்டுக்கொண்டார். அக்கா யாழ்ப்பாணத்தில் கொன்வென்டில் படித்து ஏ.எல். எடுத்திருந்தாள். வந்த இரண்டு வருசத்துக்குள் டெனிஷ் படித்து, பல்கலைக்கழகத்தில் பொறியியல் படிக்க இடமும் எடுத்துவிட்டாள். தமிழர்களில் அப்போது பல்கலைக்கழகப் பக்கம் போனது அவள் ஒருத்திதான். பூசைக்குப் போனால் பெண்கள் தங்கள் பிள்ளைகளை அவளுக்குப் பக்கத்தில் இருத்துவார்கள். படிப்பு தொற்றும் என்று நினைத்தார்களோ என்னவோ.

அக்காவுக்குக் கை நீளம். இதைத் திருட்டுக் கை என்று எடுத்துக்கொள்ள வேண்டாம், உண்மையாகவே நீளம். ஊரில் பள்ளிக்கூட வலைப்பந்து அணியில் அவள்தான் கோல் கீப்பர், கப்டனும் அவள்தான். மார்பில் ஜி.கே. என்று எழுத்துத் துணி கட்டிக்கொண்டு நிற்கிற படம் எங்கள் வீட்டில் இருந்தது. அதே படத்தில் அவளுடைய தோளில் கை போட்டுக்கொண்டு, மார்பில் சி என்ற எழுத்தோடு ஒரு கறுத்த, மெல்லிய அக்கா சிரித்துக்கொண்டு நிற்பாள். சென்டர் விளையாடியவள். நான் அவளைச் சென்டர் அக்கா என்றுதான் சொல்லுவேன். வலைப்பந்தில் பந்தைப் பிடித்தால் மூன்று விநாடிக்குள் கையை விட்டுப் போய்விட வேண்டும். அக்கா பிடித்தவுடன் பார்க்காமலே எறிவாளாம். அது எங்கே விழும் என்று தெரிந்து சென்டர் அக்கா முதலே ஓடியிருப்பாளாம். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அக்கா அவளுக்கு ஒரு நீல ஏரோகிராம் எழுதுவாள். கடிதம் போய்ச்சேரச் சில நேரம் மூன்று வாரம், சில நேரம் மூன்று மாதம். பாதை திறந்திருக்கிறதா பூட்டியிருக்கிறதா என்பதைப் பொறுத்தது.

பல்கலைக்கழகத்தில் மாணவியர் உதைபந்து அணி ஒன்று இருந்தது. பெரிய அணி என்று நினைக்காதீர்கள். அதற்கு முதல் வருசம் கடைசியாக வந்த அணி. வசந்தத்தில் அவர்களுடைய கோல் கீப்பர் சைக்கிளில் விழுந்து கணுக்காலை உடைத்துக்கொண்டாள். அக்காவோடு ஒரே குழுவில் படித்த ஒரு பெண் அந்த அணிக்குக் கப்டன். நீ சும்மா வந்து நில், பந்து பட்டால் போதும் என்று அக்காவை இழுத்துக்கொண்டு போனாள். முதல் நாள் பயிற்சியில் இருபது பந்து அடித்திருக்கிறார்கள். மூன்றுதான் உள்ளே போனது. அந்த மூன்றும் காலுக்கு நடுவால் போனவை, ஏனென்றால் காலையும் பாவிக்கலாம் என்று அவளுக்கு ஒருவரும் சொல்லவில்லை.

அணியின் பயிற்சியாளர் ஒரு ஆய்வுகூடத்தில் வேலை செய்தவள். கட்டைத் தலைமயிர், மஞ்சள் மழைக்கோட்டு, தானே சுற்றிக்கொள்ளும் சிகரெட். அவளை எல்லோரும் ட்ரேனர் என்பார்கள். அவள் எங்கள் வீட்டுக்கே வந்து, அம்மா கொடுத்த வடையைச் சாப்பிட்டு, கண்ணில் தண்ணீர் ஓட ஓட அப்பாவிடம் அனுமதி கேட்டாள். அப்பாவுக்கு ஒரே ஒரு கேள்விதான், கால் தெரியுமா என்பது. கோல் கீப்பர் நீளக் காற்சட்டையும் முழுக்கைச் சட்டையும் போடலாம், மற்றப் பத்துப் பேருக்கும்தான் கட்டைக் காற்சட்டை என்று ட்ரேனர் சொன்னாள். பதினொரு இடத்தில் எங்கள் வீட்டுக்கு ஏற்ற இடம் அந்த ஒன்றுதான் இருந்தது. அப்பா சரி என்றார். அடுத்த நாள் வேலைக்குப் போய், உள்ளங்கையில் நீலப் புள்ளி புள்ளியாக ரப்பர் ஒட்டிய தன்னுடைய வேலைக் கையுறை ஒரு சோடியைக் கொண்டுவந்து கொடுத்தார். பெட்டி வழுக்காமல் பிடிக்கிற கையுறை, பந்தும் வழுக்காது என்றார். அதற்குப் பிறகு அணிக்காரர் நல்ல கையுறை கொடுத்தும் அக்கா அப்பாவின் கையுறையைத்தான் போட்டாள்.

அந்தப் பருவம் முழுக்க என் சனிக்கிழமைகள் எல்லாம் கோலுக்குப் பின்னால்தான். வெட்டிய புல்லின் மணம், ஈர வலையின் மணம், அக்காவின் தலையில் அம்மா வைத்துவிட்ட எண்ணெய் மணம். அம்மா அவளுடைய பின்னலைச் சுருட்டி ஒன்பது ஊசி குத்தி அனுப்புவாள். நான் எண்ணியிருக்கிறேன். இடைவேளையில் நான்காக வெட்டிய தோடம்பழம் வரும். டெனிஷ் பெட்டைகள் எனக்குக் கறுப்பு லக்ரிஸ் இனிப்புத் தருவார்கள். வாயில் போட்டு, அவர்கள் அந்தப் பக்கம் திரும்பியதும் துப்புவேன். அப்பா கோல் கம்பத்துக்குப் பின்னால் கோப்பிப் போத்தலோடு நிற்பார். ஒரு பந்தைப் பிடித்தால் என்னைப் பார்த்து ஒரு தலையாட்டல். வீட்டில் நான் நூறு புள்ளி எடுத்தாலும் அந்தத் தலையாட்டல் கிடைக்காது.

அக்காவுக்குப் பந்தை உதைக்க வராது. உதைத்தால் கோணலாகப் போகும். ஆனால் பிடித்த கையோடு தோளுக்கு மேலால் எறிவாள், பந்து நடுக்கோட்டைத் தாண்டும். எதிரணி திரும்பி ஓடுவதற்குள் கப்டன் பந்தோடு பாதி வழி போயிருப்பாள். மூன்று விநாடி. அந்த ஒரு எறியலை வைத்தே அந்த அணி ஏப்ரலில் இருந்து ஒரு ஆட்டமும் தோற்கவில்லை. கடைசியாக வந்த அணி முதலாவதாக நின்றது. உள்ளூர்ப் பேப்பரில் அக்காவின் படம் வந்தது. பந்தைப் பிடித்துக்கொண்டு ஆகாயத்தில் நின்றாள். அம்மா அதை வெட்டி மாதா சுருவத்துக்குக் கீழே வைத்தாள்.

அதே கோடையில்தான் டென்மார்க்கின் ஆண்கள் அணி மெக்ஸிக்கோவுக்குப் போனது. உங்களுக்கு ஞாபகம் இருக்கும். முதல் மூன்று ஆட்டமும் வென்றுவிட்டு ஸ்பெயினிடம் ஐந்து வாங்கிக்கொண்டு வந்தார்கள். எங்கள் வீட்டில் கலர் டீவி இருந்ததால் ஊர் ஆண்கள் எல்லோரும் எங்கள் கம்பளத்தில்தான் இருந்தார்கள். சிவப்பு வெள்ளைத் தொப்பி போட்டு, நெஞ்சில் அடித்து, கத்தி, அம்மாவின் தேத்தண்ணியை வாளிக் கணக்கில் குடித்தார்கள். டெலிபோன் மாமா நடுவில் இருப்பார். கோல் போட்டால் எழும்பி ஆடுவார். இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே வாசியுங்கள்.

மாமாவைப் பற்றி நியாயமாக ஒன்று சொல்ல வேண்டும். தமிழர் வீடுகளில் ஊருக்குப் பேச ஒழுங்கான வசதி செய்து வைத்திருந்தவர் அவர்தான். கொழும்பில் ஒரு கடைக்கு எடுப்பார், கடைக்காரர் யாழ்ப்பாணம் போகிற ஆளிடம் செய்தி சொல்லி அனுப்புவார். பிள்ளை பிறந்தது, அப்பு செத்தது, வீட்டில் ஷெல் விழுந்தது எல்லாம் அவர் வாயால்தான் எஸ்பியர்க் வரைக்கும் போகும். பலர் அவருக்குக் கடமைப்பட்டவர்கள். அந்தக் கடமைதான் அவருக்கு வாய்க்கொழுப்பாக மாறியது என்பது என் அபிப்பிராயம்.

இனி அந்த ஃபோன். செப்டெம்பரில் ஒரு சனிக்கிழமை மத்தியானம். அன்றைக்கு ஆட்டம் ஹொல்ஸ்டெப்ரோவில். எனக்குத் தடிமனும் காய்ச்சலும் என்பதால் போகவில்லை. அப்பா ஓவர்டைம், அம்மா கீழே உடுப்புத் தோய்க்கும் அறையில். எங்கள் வீட்டில் மட்ச் என்ற சொல்லை ஒருவரும் பாவிப்பதில்லை. குசினிக் கலண்டரில் அக்கா சனிக்கிழமை தோறும் டெனிஷில் கம்ப் என்று எழுதி வைப்பாள். நாங்களும் அப்படியே சொல்லுவோம், எங்கள் வாயில் அது காம்ப் என்று வரும். ஃபோன் அடித்தது. மாமா.

"அக்கா எங்கை பிள்ளை?"

"காம்ப்புக்குப் போட்டா."

அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டார்.

"எந்தக் காம்ப்?"

"ஹொல்ஸ்டெப்ரோவிலை."

"எத்தினை பேர் அங்கை?"

"உள்ளுக்கைப் பதினொரு பேர். ரெண்டு மூண்டு பேர் வெளியிலை நிண்டு பாத்துக்கொண்டிருப்பினம். எல்லாரும் பொம்பிளையள்தான்."

"ட்ரெயினிங் குடுக்கிறது ஆர்?"

"ஒரு வெள்ளைக்காரி. சிகரெட் பத்துவா. செவ்வாயும் வியாழனும் ட்ரெயினிங். போன கிழமை எஸ்பியர்க்காரருக்கு ஐஞ்சு குடுத்தவை. ஒருத்தியைத் தூக்கிக்கொண்டு போனவை."

நான் பெருமையாகச் சொன்னேன். அந்த ஐந்திலும் நான் கோலுக்குப் பின்னால் நின்று கத்தியவள். மாமா, சரி பிள்ளை, ஒருத்தருக்கும் சொல்லாதை என்று சொல்லிவிட்டு ஃபோனை வைத்தார். யாரிடம் சொல்லக்கூடாது, ஏன் சொல்லக்கூடாது என்று எனக்கு விளங்கவில்லை.

உங்களுக்கு விளங்கும். அந்த வருசத்தில் தமிழர் காதில் காம்ப், ட்ரெயினிங் என்ற இரண்டு சொல்லும் சேர்ந்து விழுந்தால் அதற்கு ஒரே ஒரு அர்த்தம்தான், ஆயுதம் எடுக்க இயக்கத்துக்குப் போவது. அதுவரைக்கும் அவரில் பிழை இல்லை. நானும் பிழையாகச் சொல்லவில்லை. ஒரு சொல் இரண்டு மொழியில் ஒரே மாதிரி இருந்ததற்கு யாரைக் குற்றம் சொல்வது? அவர் அம்மாவைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. கொழும்புக் கடைக்கு எடுத்தார்.

மறுநாள் மாதம் ஒரு முறை வருகிற தமிழ்ப் பூசை. நாங்கள் கோயிலுக்குள் போனதும் கதை நின்றது. முன் வாங்கில் இருந்த ஒருவர் எழும்பி அக்காவுக்கு இடம் கொடுத்தார். அறுபது வயது மனிதர், ஒரு பெட்டைக்கு எழும்பினார். பூசை முடிய ஒரு அன்ரி அக்காவின் இரண்டு கையையும் பிடித்துக் கண்ணில் ஒற்றினாள். எங்களுக்காகத்தானே பிள்ளை என்று அழுதாள். அக்கா, ஹொல்ஸ்டெப்ரோவில் இரண்டுக்குப் பூச்சியம் வென்றதற்கு இவ்வளவு மரியாதையா என்று திகைத்துப்போய் என்னைப் பார்த்தாள்.

பின்னேரம் மாமாவும் இன்னும் இரண்டு பேரும் வீட்டுக்கு வந்தார்கள். கம்பளத்தில் இருந்து நெஞ்சில் அடித்தவர்களில் இரண்டு பேர். அப்பாவிடம், பிள்ளையைப் பெற்றால் உன்னைப்போலப் பெறவேண்டும் என்ற மாதிரித் தொடங்கி, எப்போது போகிறாள், போகமுதல் எங்களுக்குச் சொல்லியிருக்கலாமே என்று குறைப்பட்டார்கள். அப்பாவுக்கு விசயம் பிடிபடக் கொஞ்ச நேரம் எடுத்தது. பிடிபட்டதும் அவர் சிரித்த சிரிப்பை நான் அதற்கு முதலும் பிறகும் கேட்டதில்லை. குசினிக்குப் போய்க் கலண்டரைக் கழற்றிக்கொண்டு வந்து காட்டினார். பேப்பர் படத்தையும் மாதாவுக்குக் கீழே இருந்து எடுத்துக் காட்டினார்.

அவர்கள் சிரிக்கவில்லை. மூன்று பேரும் படத்தைக் கைமாற்றிப் பார்த்தார்கள். சேற்றில் குளித்த காற்சட்டை, விரிந்த கால், திறந்த வாய். காலையில் எழும்பி இடம் கொடுத்தவர் அந்த மூவரில் ஒருவர். அவர் படத்தைக் கவிழ்த்து மேசையில் வைத்தார்.

அறை வாசலில் நின்ற அக்கா உள்ளே வந்தாள். ஊருக்கு இந்தக் கதையைச் சொல்லிவிட்டீர்களோ என்று கேட்டாள். ஓம், நேற்றே சொல்லிவிட்டேன், நல்ல செய்தி என்று நினைத்துச் சொன்னேன் என்றார் மாமா. திருப்பி எடுத்து, பிழை என்று சொல்லுங்கோ என்றாள் அக்கா. மரியாதையாகத்தான் சொன்னாள். அதற்கு அந்த மனிதர், போன மாதம் நீங்கள் பொன்னாடை போர்த்திய அதே மனிதர், சொன்ன பதிலை அவர் எந்த மேடையிலும் சொன்னதில்லை.

"என்னெண்டு சொல்லுறது? காம்ப் எண்டாலும் ஒரு மரியாதை இருந்தது. குமர்ப்பிள்ளை காற்சட்டை போட்டுப் பந்துக்குப் பாயுதெண்டு ஊருக்குச் சொல்ல எனக்கு வாய் வராது."

மற்ற இருவரும் தலையாட்டினார்கள். விளங்குகிறதா உங்களுக்கு? ஒரு பெட்டை சாகப் போகிறாள் என்றால் எழும்பி இடம் கொடுப்பார்கள். விளையாடப் போகிறாள் என்றால் படத்தைக் கவிழ்ப்பார்கள். நான் பத்து வயதில் இதை ஒரு பெரிய ஆட்களின் விசயம் என்று நினைத்துக்கொண்டு பேசாமல் நின்றேன். இப்போது எனக்கு ஐம்பது. இதில் பெரிய ஆட்களின் விசயம் ஒன்றும் இல்லை. சின்னத்தனம்தான், முழுக்க முழுக்க.

அப்பா அன்றைக்கு எதிர்த்துக் கதைத்திருந்தால் இந்தக் கதை வேறு. அவர் கலண்டரை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். கோலுக்குப் பின்னால் கோப்பிப் போத்தலோடு நின்றவர், தலையாட்டியவர். அவர்கள் போன பிறகு அக்காவைப் பார்க்காமல், இனிக் காணும் பிள்ளை, படிப்பைப் பார் என்றார். இன்னும் ஒரே ஒரு ஆட்டம்தான் இருக்கிறது, அதை விட்டால் பருவம் முழுக்க விளையாடியது வீண் என்றாள் அக்கா. அப்பா எழும்பிப் போய்விட்டார். அம்மா என் வாயைப் பார்த்து, உன்ரை வாய்தான் எல்லாத்துக்கும் காரணம் என்று முதுகில் ஒன்று போட்டாள்.

அக்கா அன்றிரவு சாப்பிடமுதல் சென்டர் அக்காவுக்கு ஏரோகிராம் எழுதினாள். ஊரில் என்னைப் பற்றி என்ன கேள்விப்பட்டாலும் நம்பாதே, நான் உதைபந்துதான் விளையாடுகிறேன் என்று எழுதினாள். நான் பக்கத்தில் இருந்து நாக்கால் நனைத்து ஒட்டினேன். திங்கட்கிழமை காலையில் பெட்டியில் போட்டோம்.

கடைசி ஆட்டம் ஒக்டோபரில், ஓல்போர்க்கிலேயே. எதிரணி இரண்டாவது இடத்தில் நின்றது. வென்றால்தான் கிண்ணம் அக்காவின் அணிக்கு. அன்று காலையில் பார்த்தால் கையுறையைக் காணவில்லை. வழக்கமாகத் தொங்கும் ஆணியில் இல்லை. அப்பா வேலைக்குப் போகிற நாள் இல்லை, ஆனாலும் வேலைக் கோட்டைப் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டுப் போயிருந்தார். அக்கா ஆணியைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். அம்மா கதிரையை இழுத்துப் போட்டு, அக்காவை இருத்தி, தலைக்கு எண்ணெய் வைத்து, பின்னலைச் சுருட்டி, ஒன்பது ஊசியும் குத்திவிட்டாள். பிறகு என்னுடைய கோட்டை எடுத்து என்னிடம் தந்தாள். அம்மா தன் வாழ்நாளில் அப்பாவை எதிர்த்தது அந்த ஒரு முறைதான். அதுவும் வாய் திறக்காமல்.

அணிக் கையுறையை ட்ரேனர் நீட்டினாள். அக்கா வேண்டாம் என்றாள். வெறுங்கையோடு நின்றாள். மழை தூறியது, மேற்கில் இருந்து காற்று. பந்து உள்ளங்கையில் படுகிற சத்தம் எனக்குக் கோலுக்குப் பின்னால் கேட்டது. ஒவ்வொன்றுக்கும் அவள் கையை விரித்து உதறினாள். கடைசிக் கால் மணி நேரம் வரை யாரும் கோல் போடவில்லை. அவர்களுக்கு ஒரு கோர்னர் கிடைத்தது. எல்லோரும் அக்காவின் முன்னால் குவிந்து நின்றார்கள். அவள் எல்லோருடைய தலைக்கும் மேலால் எழும்பிப் பிடித்தாள். நான் ஒன்று, இரண்டு என்று எண்ணினேன். மூன்று எண்ணமுதல் பந்து அவள் கையில் இல்லை. நடுக்கோட்டுக்கு அப்பால் கப்டன் ஓடிக்கொண்டிருந்தாள். ஒன்றுக்குப் பூச்சியம்.

அப்படித்தான் அவர்கள் கிண்ணம் எடுத்தார்கள். ஏப்ரலில் இருந்து ஒக்டோபர் வரை ஒரு ஆட்டமும் தோற்காமல். அக்காவின் கை இரண்டும் வீங்கிச் சிவந்திருந்தது. வீட்டுக்கு வந்ததும் அம்மா சுடுதண்ணியில் உப்புப் போட்டு வைத்தாள். அப்பா கேட்கவும் இல்லை, திட்டவும் இல்லை. அந்தக் கையுறையை அவர் எங்கே போட்டார் என்று சாகும் வரைக்கும் சொல்லவில்லை. அவர் செத்த பிறகு நிலவறையில் கூடத் தேடிப் பார்த்தேன். கிடைக்கவில்லை.

கிண்ணத்தை அணியில் உள்ள ஒவ்வொருத்தியும் ஒரு வாரம் வீட்டில் வைத்திருக்கலாம் என்று ஏற்பாடு. எங்கள் முறை நவம்பரில் வந்தது. டீவிக்கு மேலே வைத்தோம். அந்த வாரத்தில்தான் சென்டர் அக்காவின் கடிதம் வந்தது. ஒக்டோபர் முதலில் போட்ட கடிதம். அக்காவின் ஏரோகிராம் அவளுக்குக் கிடைக்கமுதல் எழுதியது. அக்கா அதை வாசித்துவிட்டு மேசையில் விட்டுப் போனாள். நான் எடுத்து வாசித்தேன். எனக்குத் தமிழ் எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வரும். அதனாலோ என்னவோ ஒவ்வொரு எழுத்தும் இன்னும் நினைவில் இருக்கிறது.

"உன்னைப் பற்றிக் கேள்விப்பட்டன். வெளிநாட்டிலை யூனிவர்சிட்டிப் படிப்பை விட்டிட்டு நீயே போறாய், நான் இங்கை இருந்து என்ன செய்யிறன் எண்டு வெக்கமாய் இருக்கு. கப்டன் போனால் சென்டரும் போகத்தானே வேணும். நீ எறிஞ்சால் நான் ஓடிப்போய்ப் பிடிப்பன், தெரியுந்தானே. நாளைக்கு வெளிக்கிடுறன்."

அக்கா அனுப்பிய ஏரோகிராம் தை மாதம் திரும்பி வந்தது. அதன் வெளிப்பக்கத்தில் சென்டர் அக்காவின் அம்மா எழுதியிருந்தார், பிள்ளை இப்போது இங்கே இல்லை என்று. இரண்டு வருசம் கழித்து அந்த அம்மாவிடம் இருந்து நான்கு வரிக் கடிதம் ஒன்று வந்தது. அதில் என்ன இருந்தது என்று என் வயதுக்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

அவள் எப்படியும் போயிருப்பாள் என்று நீங்கள் சொல்லலாம். அந்தக் காலத்தில் எத்தனையோ பேர் போனார்கள், அவரவர் காரணத்தோடு போனார்கள். அதை நான் இங்கே நியாயம் பிரிக்க வரவில்லை. அவளுக்கு ஒரு காரணம் இருந்தது, அதை அவளே கைப்பட எழுதியிருக்கிறாள். அந்தக் காரணம் பொய். அது பொய் என்று ஞாயிற்றுக்கிழமை பின்னேரமே ஒருவருக்குத் தெரியும். அவர் கையில் டெலிபோன் இருந்தது. ஒரு கோல். கொழும்புக் கடைக்கு ஒரே ஒரு கோல் எடுத்திருந்தால் போதும்.

கடிதம் வந்த அன்று அக்கா என்னைக் கூப்பிட்டு, நீ அன்றைக்கு மாமாவிடம் என்னென்ன சொன்னாய் என்று கேட்டாள். நான் எல்லாம் ஒப்புவித்தேன், உள்ளே பதினொரு பேர், வெளியே மூன்று பேர், எஸ்பியர்க்காரருக்கு ஐந்து. அடி விழும் என்று நினைத்தேன். அவள் கடைசி வரை கேட்டாள்.

"சரியாத்தானே சொல்லியிருக்கிறாய்" என்றாள்.

அடித்திருந்தால் எனக்கு எவ்வளவோ நல்லாய் இருந்திருக்கும்.

அடுத்த வசந்தத்தில் ட்ரேனர் மறுபடி வீட்டுக்கு வந்தாள். அக்கா மாட்டேன் என்றாள். ஏன் என்று ட்ரேனருக்குச் சொல்லவில்லை. மாமா மட்டும் ஊர் முழுக்க, நான் சொல்லித்தான் அந்தப் பிள்ளை நிறுத்தியது என்று சொல்லிக்கொண்டு திரிந்தார். பிறகு காலம் மாறியது. நம் பிள்ளைகள் உதைபந்துக் கழகங்களில் சேர்ந்தார்கள், பெட்டைகளும் சேர்ந்தார்கள், அது பெருமை என்று ஆனது. மாமாவின் கதையும் மாறியது. நிறுத்தியவர் தொடக்கிவைத்தவர் ஆனார். ஒருவரும் மறுக்கவில்லை. மறுக்கக்கூடியவள் கொப்பன்ஹேகன் பக்கம் பொறியியலாளராக இருந்து இப்போது ஓய்வுபெற்றுவிட்டாள். நம்முடைய விழா எதற்கும் வருவதில்லை. மற்றவள் நான். ரோல்ஸ் தின்றுகொண்டிருந்தேன்.

விழா முடிந்து எல்லோரும் தேத்தண்ணிக்குப் போன நேரம் அவரிடம் போனேன். பொன்னாடையை மடித்து மடியில் வைத்துக்கொண்டு தனியாக இருந்தார். எண்பத்தைந்துக்கு மேல் இருக்கும். என்னைக் கண்டதும் முகம் மலர்ந்தது. அக்கா எங்கை பிள்ளை இப்ப என்று கேட்டார். அதே கேள்வி, அதே குரல்.

நின்றபடியே சொன்னேன். சென்டர் அக்காவின் பெயரைச் சொன்னேன். கடிதத்தை ஒரு எழுத்து விடாமல் சொன்னேன். நாலு வரிக் கடிதத்தையும் சொன்னேன். அவர் வாயைத் திறந்தபடி கேட்டார். அந்தப் பெயரை இரண்டு முறை தனக்குள் சொல்லிப் பார்த்தார். பொய் முகம் இல்லை அது. உண்மையாகவே அவருக்கு அவளைத் தெரியாது. பிறகு என்னை நிமிர்ந்து பார்த்து, கொஞ்சம் மனத்தாங்கலாகத்தான் சொன்னார்.

"எனக்குத் தெரியாதே பிள்ளை. ஒருத்தரும் ஒரு ஃபோன் எடுத்துச் சொல்லேல்லையே."